பூட்டப்பட்ட கோப்புகளும் காக்கப்பட வேண்டிய வாக்குமூலங்களும்: ரான்சம்வேர் தாக்குதலுக்குப் பின் இலவசக் கருவிகளைக் கொண்டு மீட்பது எப்படி?

வன்கொடுமை வழக்குகளில் பாதிக்கப்பட்டோர் பக்கம் நிற்கும் சிறு அமைப்புகளின் அலுவலகங்களில் பெரும்பாலும் ஒரே ஒரு கணினிதான் இருக்கும். உண்மை அறியும் குழுவின் அறிக்கை, காயங்களின் புகைப்படங்கள், எரிக்கப்பட்ட வீடுகளின் காணொளி, சாட்சிகளின் ஒலிப்பதிவு, முதல் தகவல் அறிக்கையின் நகல், மருத்துவச் சான்று, தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ்ப் பெற்ற பஞ்சமி நில ஆவணங்கள் ஆகிய அனைத்தும் அந்த ஒற்றை வன்தட்டில் குவிந்திருக்கும். ஒரு நாள் காலையில் கணினியைத் திறக்கும்போது கோப்புப் பெயர்களின் இறுதியில் அறிமுகமில்லாத நான்கு எழுத்துகள் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. எந்தக் கோப்பும் திறக்கவில்லை. ஒவ்வொரு கோப்புறையிலும் பணம் கேட்கும் கடிதம் ஒன்று கிடக்கிறது. இதுவே ரான்சம்வேர் தாக்குதல்.

அதன் பின் நடப்பது பெரும்பாலும் ஒன்றுதான். கணினி பழுது பார்க்கும் கடைக்குக் கொண்டு செல்லப்படுகிறது. வைரஸ் வந்துவிட்டது, ஃபார்மேட் செய்வதைத் தவிர வேறு வழியில்லை என்று கடைக்காரர் சொல்கிறார். மாலைக்குள் கணினி மீண்டும் ஓடத் தொடங்குகிறது. ஆனால் தாக்கியவர் பூட்டி மட்டும் வைத்திருந்த ஆதாரங்களை நாமே நிரந்தரமாக அழித்து முடித்திருக்கிறோம்.

பூட்டப்பட்ட கோப்பு வேறு, அழிந்த கோப்பு வேறு. சில வகை ரான்சம்வேர்களுக்குத் திறவுகோல் இன்றே இலவசமாகக் கிடைக்கிறது. வேறு சிலவற்றுக்குச் சில ஆண்டுகள் கழித்துக் கிடைத்திருக்கிறது. நம் வழக்குகளோ ஆண்டுக்கணக்கில் நீள்பவை. ஆந்திரத்தின் சுண்டூரில் 1991 ஆகஸ்ட் 6 அன்று தலித்துகள் படுகொலை செய்யப்பட்ட வழக்கில் சிறப்பு நீதிமன்றத் தீர்ப்பு 2007இல் வந்தது. தண்டிக்கப்பட்டோரை உயர் நீதிமன்றம் 2014இல் விடுதலை செய்தது. இத்தனை நீண்ட போராட்டத்தில் ஓர் ஆவணத்தை இன்று திறக்க இயலவில்லை என்பதற்காக அதைக் கைவிடுவது பிழை. எனவே கோப்புகளை மீட்கும் வழிமுறையையும், மீட்கும்போது சாட்சிகளையும் சான்றுகளையும் காக்கும் வழிமுறையையும் நாம் இங்கே ஒருசேரத் தொகுத்துரைக்கிறோம்.

திறவுகோல் எங்கிருந்து வருகிறது?

ரான்சம்வேர் நம் கோப்புகளை எங்கும் எடுத்துச் சென்று பூட்டுவதில்லை. அவை இருக்கும் இடத்திலேயே அவற்றின் உள்ளடக்கத்தைக் கணித முறைப்படி குழப்பி எழுதிவிடுகிறது. இதனை மறையாக்கம் என்கிறோம். குழப்பியதை மீண்டும் ஒழுங்குபடுத்த ஒரு திறவுகோல் தேவை. அது தாக்கியவரின் சேவையகத்தில் மட்டும் இருக்கும். சரியாக வடிவமைக்கப்பட்ட மறையாக்கத்தை ஊகித்து உடைப்பது இன்றைய கணினிகளால் இயலாத செயல். ஆகவே எந்தப் பூட்டையும் திறந்து தருவோம் என்று விளம்பரம் செய்பவரை நம்பக் கூடாது.

அப்படியானால் இலவசக் கருவிகள் எவ்வாறு வேலை செய்கின்றன? நான்கு வழிகளில் திறவுகோல் பொதுவெளிக்கு வருகிறது. நச்சுநிரலை எழுதியவர் செய்த பிழையை ஆய்வாளர்கள் கண்டுபிடிப்பது முதல் வழி. காவல்துறையினர் குற்றக் கும்பலின் சேவையகத்தைக் கைப்பற்றுவது இரண்டாவது. குற்றவாளிகளே தொழிலைக் கைவிட்டுத் திறவுகோலை வெளியிடுவது மூன்றாவது. பலருடைய கணினிகளுக்கு ஒரே திறவுகோல் பயன்படுத்தப்பட்டிருந்து, அவர்களுள் ஒருவர் அதைப் பெற்று ஆய்வாளர்களிடம் ஒப்படைப்பது நான்காவது.

டெஸ்லாகிரிப்ட் கும்பல் 2016 மே மாதம் தன் முதன்மைத் திறவுகோலைத் தானே வெளியிட்டது. ஷேட் கும்பல் 2020 ஏப்ரலில் 7,50,000க்கும் மேற்பட்ட திறவுகோல்களை வெளியிட்டது. 2021 ஜூலை 13க்கு முன் ரெவில் கும்பலால் பாதிக்கப்பட்டோருக்கான கருவியை அதே ஆண்டு செப்டம்பரில் பிட்டிஃபெண்டர் நிறுவனம் இலவசமாக வழங்கியது. ஹைவ் கும்பலின் வலையமைப்புக்குள் 2022 ஜூலையில் நுழைந்த அமெரிக்காவின் எஃப்பிஐ, பாதிக்கப்பட்டோருக்கு மறைவாகத் திறவுகோல்களைக் கொடுத்து வந்ததை 2023 ஜனவரியில் அறிவித்தது. இந்த நாள்கள் வரும்வரை பூட்டப்பட்ட கோப்புகளை எறியாமல் வைத்திருந்தவர்களுக்கே அவை பயன்பட்டன.

முதல் ஒரு மணி நேரம்

தாக்குதல் தெரிந்தவுடன் கணினியின் இணைய இணைப்பைத் துண்டிக்க வேண்டும். கம்பியைப் பிடுங்க வேண்டும், வைஃபையை அணைக்க வேண்டும். செருகியிருக்கும் பென் டிரைவ், வெளி வன்தட்டு ஆகியவற்றை உடனே கழற்ற வேண்டும். அதே வலையமைப்பில் உள்ள பிற கணினிகளையும் பிரித்துவிட வேண்டும். கூகுள் டிரைவ், ஒன்டிரைவ் போன்றவற்றின் ஒத்திசைவை வேறொரு தூய கருவியிலிருந்து நிறுத்த வேண்டும். இல்லையேல் பூட்டப்பட்ட கோப்புகள் அங்கும் சென்று நல்ல கோப்புகளின் மேல் அமர்ந்துகொள்ளும்.

கணினியை அணைக்கலாமா? கோப்புகளின் பெயர்கள் கண்முன்னே ஒவ்வொன்றாக மாறிக்கொண்டிருந்தால் மின்சாரத்தைத் துண்டிப்பதே நல்லது; மீதமுள்ளவை தப்பும். பூட்டும் வேலை முடிந்துவிட்டதாகத் தெரிந்தால், இணைப்பை மட்டும் துண்டித்துவிட்டு, அறிந்தவர் ஒருவர் பார்க்கும்வரை கணினியை அப்படியே விட்டுவைக்கலாம். 2017 மே 12 அன்று உலகெங்கும் பரவிய வான்னாகிரை தாக்குதலில் இதன் பயன் தெரிந்தது. திறவுகோலைத் தோற்றுவித்த எண்கள் சில கணினிகளின் நினைவகத்தில் எஞ்சியிருந்தன. அவற்றைத் தேடி எடுக்கும் வானாகிவி என்ற இலவசக் கருவியைப் பிரெஞ்சு ஆய்வாளர்கள் உருவாக்கினர். கணினியை மறுதொடக்கம் செய்யாதவர்களுக்கு மட்டுமே அக்கருவி உதவ முடிந்தது.

பணம் கேட்கும் கடிதத்தைக் கைபேசியில் படம் எடுத்துக்கொள்ள வேண்டும். அக்கடிதத்தையும், பூட்டப்பட்ட கோப்புகளையும், அவற்றின் பெயர்களையும் மாற்றவோ அழிக்கவோ கூடாது. எந்த நாள், எந்த நேரம் கவனித்தோம், யார் கணினியில் இருந்தார், கடைசியாக எதைப் பதிவிறக்கினார் என்பதைத் தாளில் எழுதி வைக்க வேண்டும். தவறு செய்தவரைத் திட்டுவதற்கான நேரம் அதுவன்று. பயந்துபோன இளம் ஊழியர் உண்மையை மறைத்தால் எந்த நச்சுநிரல் என்பதைக் கண்டறிவது கடினமாகும்.

வன்தட்டின் முழுப் பிரதி

அடுத்த வேலை, வன்தட்டு முழுவதையும் அப்படியே மற்றொரு வன்தட்டுக்குப் பிரதி எடுப்பது. நல்லவை, கெட்டவை, வெற்றிடம் என எதையும் விடாமல் எடுக்கப்படும் இதனை இமேஜ் என்பர். குளோன்சில்லா போன்ற இலவச மென்பொருள்கள் இதைச் செய்யும். அழிந்த கோப்புகளின் எச்சங்களும் தேவை என்பதால், வெற்றிடத்தையும் சேர்த்துப் பிரதி எடுக்கும் தெரிவைத் தேர்ந்தெடுக்க வேண்டும். மீட்பு முயற்சிகள் அனைத்தையும் பிரதியின் மீதே செய்ய வேண்டும். கருவி பிழை செய்தாலும் மூலம் நம்மிடம் இருக்கும்.

உரிமை அமைப்புகளுக்கு இதில் இன்னொரு காரணமும் உண்டு. பீமா கோரேகான் வழக்கில் கைதான ரோனா வில்சனின் கணினிப் பிரதியை ஆராய்ந்த அமெரிக்காவின் ஆர்சனல் கன்சல்டிங் நிறுவனம், நெட்வயர் என்ற நச்சுநிரலின் வழியாக அதனுள் ஆவணங்கள் வைக்கப்பட்டதாக 2021 பிப்ரவரியில் வெளிவந்த அறிக்கையில் கூறியது. வன்தட்டின் பிரதி இருந்ததால்தான் அந்த ஆய்வே இயன்றது. நம் கணினிக்குள் யார் நுழைந்தார், எதை எடுத்தார், எதை வைத்தார் என்ற கேள்வி எழும் நாளில் விடை சொல்ல அந்தப் பிரதி ஒன்றே இருக்கும். அவசரமாக ஃபார்மேட் செய்த கணினியால் எதையும் சொல்ல இயலாது.

எந்த வகை என்று கண்டறிதல்

கருவியைத் தேடுமுன் நோயைக் கண்டறிய வேண்டும். இதற்கு இரண்டு நம்பகமான இலவசத் தளங்கள் உள்ளன. முதலாவது, நோ மோர் ரான்சம். நெதர்லாந்துக் காவல்துறை, யூரோபோல், காஸ்பர்ஸ்கி, அப்போது இன்டெல் செக்யூரிட்டி என்றிருந்த மக்காஃபி ஆகியவை இணைந்து 2016 ஜூலையில் தொடங்கிய முயற்சி இது. இத்தளத்தில் கிரிப்டோ ஷெரிஃப் என்ற பகுதியில் பூட்டப்பட்ட கோப்பையும் பணம் கேட்கும் கடிதத்தையும் பதிவேற்றினால், இன்ன வகை என்று கூறி, கருவி இருந்தால் இணைப்பையும் கொடுக்கும். நூற்றுக்கும் மேற்பட்ட கருவிகள் அங்கே உள்ளன. இரண்டாவது, ஐடி ரான்சம்வேர் என்ற தளம். அதுவும் இதே முறையில் வகையை அடையாளம் காட்டும்.

பதிவேற்றும் கோப்பைத் தேர்வதில் நாம் கூடுதல் கவனம் கொள்ள வேண்டும். பல ரான்சம்வேர்கள் விரைவாக வேலையை முடிப்பதற்காகக் கோப்பின் ஒரு பகுதியை மட்டுமே மறையாக்கம் செய்கின்றன. பூட்டப்பட்டதாகத் தோன்றும் கோப்பின் எஞ்சிய பகுதியில் ஒரு சாட்சியின் பெயரோ பாதிக்கப்பட்ட பெண்ணின் ஊரோ படிக்கும் நிலையில் இருக்கக்கூடும். கோப்பின் பெயரே கூட ஒருவரைக் காட்டிக்கொடுக்கலாம். வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 15ஏ பிரிவு சாட்சிகளின் பெயரையும் முகவரியையும் மறைத்துவைக்கும் அதிகாரத்தைச் சிறப்பு நீதிமன்றத்துக்கு அளித்திருக்கிறது. பாலியல் வன்கொடுமைக்கு ஆளானவரின் அடையாளத்தை வெளியிடுவது குற்றம். எனவே மாதிரிக்குப் பொதுக்கூட்டச் சுவரொட்டி, பண்டிகை வாழ்த்துப் படம் போன்ற எவரையும் குறிக்காத கோப்பையே பதிவேற்ற வேண்டும். வைரஸ்டோட்டல் போன்ற தளங்களில் பதிவேற்றப்படுபவை பிற பாதுகாப்பு நிறுவனங்களுக்கும் கிடைக்கும் என்பதால், அங்கே வழக்கு ஆவணம் எதையும் ஏற்றக் கூடாது.

ஓர் எடுத்துக்காட்டு: ஸ்டாப் டிஜாவு

சிறு அலுவலகங்களையும் தனியாட்களையும் மிகுதியாகத் தாக்கிய வகைகளுள் ஒன்று ஸ்டாப் டிஜாவு. திருட்டுத்தனமாகப் பூட்டு உடைக்கப்பட்ட மென்பொருள்களின் வழியே இது பரவுகிறது. நம் சுவரொட்டிகளும் துண்டறிக்கைகளும் உருவாகும் டிடிபி மையங்களில் ஃபோட்டோஷாப், பேஜ்மேக்கர் போன்றவற்றின் கிராக் பதிப்புகள் ஓடுவது எல்லோரும் அறிந்ததே. விலை கொடுத்து வாங்க வழியில்லாதவர் தேடிச் செல்லும் அந்தக் கிராக் கோப்புக்குள்தான் இந்நச்சுநிரல் அமர்ந்திருக்கிறது. வறுமைக்கு இங்கே இரண்டாவது முறையாக விலை கேட்கிறார்கள்.

இதன் கடிதம் ரீட்மி என்ற பெயரில் ஓர் உரைக்கோப்பாக இருக்கும். 980 டாலர் கேட்டு வந்தது. 72 மணி நேரத்துக்குள் தொடர்புகொண்டால் 490 டாலர் போதும் என்று சொல்லி வந்தது. கடிதத்தின் இறுதியில் நமக்கென ஓர் அடையாள எண் இருக்கும். சி டிரைவில் சிஸ்டம்ஐடி என்ற கோப்புறைக்குள்ளும் அவ்வெண் பதிவாகியிருக்கும். கோப்புகள் மீள்வதும் மீளாததும் பெரும்பாலும் இந்த எண்ணைப் பொறுத்தது.

நச்சுநிரல் தன் சேவையகத்தைத் தொடர்புகொண்டிருந்தால் நம் கணினிக்கென்றே தனித் திறவுகோல் ஒன்று உருவாகியிருக்கும். இதனை ஆன்லைன் திறவுகோல் என்பர். தொடர்புகொள்ள முடியாமற்போயிருந்தால், நிரலுக்குள் முன்பே பதித்துவைத்த பொதுத் திறவுகோலைப் பயன்படுத்தியிருக்கும். இது ஆஃப்லைன் திறவுகோல். ஆஃப்லைன் அடையாள எண் பொதுவாக ஆங்கிலச் சிறிய டி எழுத்திலும் 1 என்ற எண்ணிலும் முடியும். அதே திரிபால் ஆஃப்லைன் முறையில் தாக்கப்பட்ட அனைவருக்கும் திறவுகோல் ஒன்றே. அவர்களுள் ஒருவர் வழியாக அது ஆய்வாளர்களிடம் சேர்ந்தால் அனைவரின் கோப்புகளும் திறக்கும். ஒரே கணினியில் இரு வகை எண்களும் இருக்கக்கூடும். ஆகவே பட்டியலில் உள்ள எல்லா எண்களையும் பார்க்க வேண்டும்.

இவ்வகைக்கான இலவசக் கருவியை எம்சிசாஃப்ட் நிறுவனம் 2019 அக்டோபரில் வெளியிட்டது. அதைப் பயன்படுத்தும் ஒழுங்கு பின்வருமாறு.

1. முதலில் நச்சுநிரலை நீக்க வேண்டும். நம்பகமான வைரஸ் எதிர்ப்பு மென்பொருளால் கணினி முழுவதையும் சோதிக்க வேண்டும். நிரல் உயிரோடிருக்கும்போது கோப்புகளைத் திறந்தால் அவை மீண்டும் பூட்டப்படும். மூலக் கணினியில் சோதிக்குமுன் பிரதி எடுத்து முடித்திருக்க வேண்டும்.

2. கருவியை எம்சிசாஃப்டின் சொந்தத் தளத்திலிருந்தோ நோ மோர் ரான்சம் தளத்திலிருந்தோ மட்டும் பதிவிறக்க வேண்டும்.

3. பிரதியிலிருந்து சில கோப்புகளைத் தனிக் கோப்புறையில் வைத்து, அதன் மீது மட்டும் கருவியை ஓட்டிப் பார்க்க வேண்டும். இக்கருவி வேலை செய்ய இணைய இணைப்பு தேவை.

4. பூட்டப்பட்ட கோப்புகளை அழிக்காமல் வைத்திருக்கும் தெரிவைக் கருவியில் இயக்கியே வைத்திருக்க வேண்டும். மீண்ட கோப்புகளைத் திறந்து படித்துச் சரிபார்த்த பின்பே முழுவதற்கும் ஓட்ட வேண்டும்.

விளைவு மூன்று வகையாக இருக்கும். ஆஃப்லைன் எண்ணாக இருந்து திறவுகோலும் கிடைத்திருந்தால் கோப்புகள் திறக்கும். ஆஃப்லைன் எண், ஆனால் திறவுகோல் இன்னும் கிடைக்கவில்லை என்றால், சில வாரங்களுக்கு ஒருமுறை கருவியை மீண்டும் ஓட்டிப் பார்க்கலாம். ஆன்லைன் எண் என்றால் இன்றைக்கு இக்கருவியால் வழியில்லை என்று அதுவே சொல்லிவிடும்.

2019 ஆகஸ்ட் மாதத்துக்கு முந்தைய திரிபுகளுக்கு வேறொரு வழி உண்டு. பூட்டப்பட்ட கோப்பு ஒன்றும், அதே கோப்பின் பூட்டப்படாத மூலமும் கிடைத்தால், இரண்டையும் ஒப்பிட்டு அந்த வகைக் கோப்புகளுக்கான திறவுகோலைக் கணிக்க முடியும். கோப்பு 150 கிலோபைட்டுக்கும் பெரிதாக இருக்க வேண்டும். மூலத்தை எங்கே தேடுவது? வழக்கறிஞருக்கு அனுப்பிய மின்னஞ்சலின் இணைப்பில், அச்சகத்துக்குக் கொடுத்த பென் டிரைவில், படம் எடுத்த கேமராவின் நினைவக அட்டையில் தேடலாம். வாட்ஸ்ஆப்பில் படமாக அனுப்பியது சுருக்கப்பட்டிருக்கும் என்பதால் உதவாது. ஆவணமாக அனுப்பியது மாறாமல் இருக்கும்.

திறவுகோல் இல்லாதபோது மீள்பவை

ஸ்டாப் டிஜாவு ஒவ்வொரு கோப்பிலும் முதல் 150 கிலோபைட்டை மட்டுமே பூட்டுகிறது. சிறிய வேர்ட் கோப்பு அதில் முழுவதும் மறைந்துவிடும். ஆனால் ஒரு மணி நேர ஒலிப்பதிவில் முதல் சில நொடிகள் மட்டுமே போயிருக்கும். காணொளிக்கும் இது பொருந்தும். டிஸ்க்டியூனாவின் மீடியா ரிப்பேர் என்ற இலவசக் கருவி இத்தகைய ஒலி, காணொளிக் கோப்புகளைச் செப்பனிடும். காணொளிக்கு, அதே கைபேசியில் அதே அமைப்பில் எடுத்த நல்ல காணொளி ஒன்றை அதற்கு மாதிரியாகக் காட்ட வேண்டும். எனவே வாக்குமூலம் பதிவு செய்த பழைய கைபேசியை விற்றுவிடக் கூடாது. பெரிய ஸிப் தொகுப்புகளில் முதல் கோப்பைத் தவிர மற்றவற்றைப் பிரித்தெடுக்க வாய்ப்புண்டு.

விண்டோஸ் தானாக எடுத்துவைக்கும் நிழல் பிரதிகளை ஷேடோ எக்ஸ்புளோரர் என்ற கருவியால் பார்க்கலாம். பெரும்பாலான ரான்சம்வேர்கள் அவற்றை முதலிலேயே அழிக்க முயல்கின்றன. சில நேரங்களில் அம்முயற்சி தோற்றுப்போகும். சில வகைகள் பூட்டிய புதிய கோப்பை எழுதிவிட்டுப் பழையதை அழிக்கின்றன. அழிந்த அக்கோப்பின் எச்சங்களை ஃபோட்டோரெக் போன்ற இலவசக் கருவிகள் தேடி எடுக்கும். கணினியைத் தொடர்ந்து பயன்படுத்தினால் அந்த எச்சங்களின் மேல் புதியவை எழுதப்பட்டுவிடும். கூகுள் டிரைவ் கோப்புகளின் முந்தைய பதிப்புகளை 30 நாள் வரை வைத்திருக்கும். கட்டணச் சந்தா உள்ள ஒன்டிரைவில் கடந்த 30 நாளுக்குள் ஏதேனும் ஒரு நிலைக்கு முழுவதையும் திருப்பலாம். இரண்டுக்கும் நாள்கணக்கு ஓடிக்கொண்டிருப்பதால் தாமதம் கூடாது.

கணினிக்கு வெளியேயும் நம் கோப்புகள் இருக்கின்றன. முதல் தகவல் அறிக்கையின் நகலை இலவசமாகப் பெறுவது பாதிக்கப்பட்டோரின் உரிமை. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 15ஏ பிரிவு அதை வலியுறுத்துகிறது. அதே பிரிவின்படி இச்சட்டத்தின் கீழான குற்றங்கள் குறித்த நடவடிக்கைகள் காணொளியில் பதிவாக வேண்டும். குற்றப்பத்திரிகை, வாக்குமூலங்கள், உத்தரவுகள் ஆகியவற்றின் சான்றிட்ட நகலுக்கு நீதிமன்றத்தில் மனுச் செய்யலாம். நிலப் பதிவேடுகளைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் மீண்டும் கேட்கலாம். எவற்றை இவ்வாறு திரும்பப் பெற முடியும், எவை நம்மிடம் மட்டுமே இருந்தன என்று இரு பட்டியல்கள் எழுதினால், மீட்புக்கான உழைப்பை இரண்டாவது பட்டியலின் மீது செலுத்தலாம்.

போலி மீட்பர்களும் பிணைத்தொகையும்

2020 ஜூனில் ஸ்டாப் டிஜாவு பூட்டைத் திறக்கும் கருவி என்ற பெயரில் ஒரு நிரல் உலவியது. நம்பி ஓட்டியவர்களின் பூட்டப்பட்ட கோப்புகளை அது இரண்டாம் முறை பூட்டியது. ஸோராப் என்ற மற்றொரு ரான்சம்வேர் அது. காணொளித் தளங்களில் விளக்கத்தோடு தரப்படும் இணைப்புகளில் இத்தகையவை மிகுதி. மீட்டுத் தருவோம் என்று கட்டணம் வாங்கும் நிறுவனங்களிலும் கவனம் தேவை. அமெரிக்காவில் தொழில்நுட்பத்தால் மீட்டதாகச் சொல்லிக்கொண்ட சில நிறுவனங்கள் குற்றவாளிகளுக்கே பணம் கொடுத்துத் திறவுகோல் வாங்கியதைப் புரோபப்ளிக்கா இதழ் 2019இல் அம்பலப்படுத்தியது.

பிணைத்தொகை செலுத்துவதை நாம் பரிந்துரைக்கவில்லை. பணம் பெற்றவர் திறவுகோலைத் தருவார் என்பதற்கு உறுதியில்லை. தந்தாலும், எடுத்துச் சென்ற தரவுகளை அழித்துவிடுவார் என்பதற்கும் உறுதியில்லை. மக்களின் சந்தாவிலும் நன்கொடையிலும் இயங்கும் அமைப்பு அப்பணத்துக்குக் கணக்கு எழுதவும் முடியாது.

புகாரும் பாதிக்கப்பட்டோருக்கான பொறுப்பும்

இந்தியாவில் 1930 என்ற இணையக் குற்ற உதவி எண்ணிலும் தேசிய இணையக் குற்றப் புகார்த் தளத்திலும் புகார் செய்யலாம். தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 43, 66 ஆகிய பிரிவுகளின் கீழ் இது 3 ஆண்டு வரை சிறைத்தண்டனைக்குரிய குற்றம். செர்ட்-இன் அமைப்பின் 2022 ஏப்ரல் 28ஆம் நாள் உத்தரவு, இத்தகைய தாக்குதலை அறிந்த 6 மணி நேரத்துக்குள் நிறுவனங்கள் தெரிவிக்க வேண்டும் என்கிறது. அந்த அமைப்பின் சைபர் ஸ்வச்சதா கேந்திரா இலவச நச்சுநிரல் நீக்கக் கருவிகளையும் வழங்குகிறது.

புகார் செய்யும்போது நமக்கொரு சிக்கல் உண்டு. நம் கணினியில் உள்ள சில வழக்குகளில் குற்றம் சாட்டப்பட்டவர்களே காவல்துறையினராக இருக்கலாம். கணினியை ஒப்படைத்தால் சாட்சிகளின் பட்டியலும் அதனோடு போகும். எனவே வழக்கறிஞரைக் கலந்துகொண்டு, பணம் கேட்ட கடிதம், மாதிரிக் கோப்பு, நச்சுநிரல் ஆகியவற்றைத் தனியே எடுத்துக் கொடுக்க முயல வேண்டும். கணினியையே கைப்பற்றினால் கைப்பற்றல் மகஜரையும், வன்தட்டின் ஹாஷ் மதிப்பையும் எழுத்தில் கேட்டுப் பெற வேண்டும்.

ஸ்டாப் டிஜாவு பல நேரங்களில் கடவுச்சொற்களைத் திருடும் மற்றொரு நிரலையும் உடன் கொண்டுவருகிறது. ஆகவே மின்னஞ்சல், வங்கி, சமூக ஊடகம் ஆகியவற்றின் கடவுச்சொற்களை வேறொரு தூய கருவியிலிருந்து மாற்ற வேண்டும். சாட்சிகளின் பெயரும் தொலைபேசி எண்ணும் வெளியே போயிருக்க வாய்ப்பிருந்தால், அவர்களிடம் நேரில் சென்று சொல்ல வேண்டும். அமைப்பின் மதிப்பு குறையுமோ என்று இதை மறைப்பது, நம்மை நம்பிப் பேசியவரை ஊரில் தனியே விடுவதற்கு ஒப்பாகும்.

மீண்ட கோப்பும் நீதிமன்றமும்

பூட்டித் திறந்த கோப்பு சான்றாகுமா என்ற கேள்வி எழும். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய சாட்சிய அதினியத்தின் 63ஆம் பிரிவு, பழைய சாட்சியச் சட்டத்தின் 65பி பிரிவுக்கு மாற்றாக வந்திருக்கிறது. மின்னணுப் பதிவோடு தரப்படும் சான்றிதழில் கோப்பின் ஹாஷ் மதிப்பு குறிக்கப்பட வேண்டும். ஹாஷ் என்பது கோப்பின் கைரேகை. ஓர் எழுத்து மாறினாலும் அது மாறிவிடும். முழுமையாகத் திறந்த கோப்பின் கைரேகை, பூட்டப்படுமுன் இருந்ததோடு ஒத்துப்போகும். ஆனால் முன்பிருந்த கைரேகையை நாம் எங்கேனும் எழுதி வைத்திருந்தால்தான் அதை நிறுவ முடியும். ஆகவே களத்திலிருந்து திரும்பிய அன்றே ஒவ்வொரு பதிவுக்கும் எஸ்எச்ஏ-256 மதிப்பைக் கணித்து, தாளில் அச்சிட்டு, தேதியும் கையொப்பமும் இட்டு வைக்கும் வழக்கம் வேண்டும். செப்பனிடப்பட்ட காணொளியின் கைரேகை மாறியிருக்கும். அது விசாரணைக்கு வழிகாட்டலாம். ஆனால் சான்றாக முன்வைக்கும்போது செப்பனிட்ட முறையை மறைக்காமல் சொல்ல வேண்டும்.

அடுத்த தாக்குதலுக்கு முன்

ஒவ்வொரு முக்கியக் கோப்புக்கும் மூன்று பிரதிகள், இரு வேறு ஊடகங்களில், அவற்றுள் ஒன்று வேறு இடத்தில் இருக்க வேண்டும் என்பது நெடுநாள் விதி. பிரதி எடுக்கும் வன்தட்டு வேலை முடிந்தவுடன் கழற்றப்பட வேண்டும். எப்போதும் செருகியிருக்கும் வன்தட்டும் சேர்ந்தே பூட்டப்படும். இரண்டு வன்தட்டுகளை வாரம் மாற்றி வாரம் பயன்படுத்தினால் ஒன்று எப்போதும் தப்பும். அவற்றை வெராகிரிப்ட் போன்ற இலவசக் கருவியால் நாமே பூட்டி, வேறு ஊரில் நம்பிக்கைக்குரிய வழக்கறிஞரிடமோ தோழமை அமைப்பிடமோ வைக்கலாம். கடவுச்சொல் இருவருக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

கிராக் மென்பொருளுக்கு மாற்றாக லிப்ரே ஆஃபிஸ், ஜிம்ப், இங்க்ஸ்கேப், ஸ்கிரைபஸ் போன்ற கட்டற்ற மென்பொருள்கள் உள்ளன. இவற்றில் யூனிகோட் தமிழில் வேலை செய்யலாம். பழகச் சில வாரங்கள் ஆகும். விண்டோஸிலேயே உள்ள கோப்புறைப் பாதுகாப்பு வசதியை இயக்கினால், அனுமதி பெறாத நிரல்கள் நம் ஆவணக் கோப்புறைகளை மாற்ற முடியாது.

இவை அனைத்தையும் செய்த பிறகும் திறவாத கோப்புகள் எஞ்சலாம். அவற்றைப் பணம் கேட்ட கடிதத்தோடும் அடையாள எண்ணோடும் ஒரு வன்தட்டில் இட்டு, தாக்குதல் நடந்த நாளையும் ரான்சம்வேர் வகையையும் மேலே எழுதி, வழக்குக் கட்டோடு சேர்த்து வைக்க வேண்டும். ஆறு மாதத்துக்கு ஒருமுறை நோ மோர் ரான்சம் தளத்தில் புதிய கருவி வந்திருக்கிறதா என்று பார்க்கும் பொறுப்பை ஒருவருக்கு ஒப்படைக்க வேண்டும். வழக்கு முடியும்வரை அந்த வன்தட்டும் வழக்கின் ஆவணமே.